வீட்டின்மேல் வாங்கும் கடனும் அதன் மெய்யான செலவும்

(செங்கற்பட்டு ஜில்லாவில் மாமல்லபுரத்திற்கு அடுத்த ஒரு கிராமத்தில், கூட்டுறவு வாரக் கொண்டாட்டத்தின்போது கூட்டுறவு இலாகா இன்ஸ்பெக்டர் ஒருவர் செய்த பிரசங்கம்)

  

வீட்டைக் கட்டிப்பார், கல்யாணம் பண்ணிப்பார் என்று நம் பெரியோர்கள் சொல்லுவார்கள். இவ்விரண்டில் கல்யாணக் கடனைப்பற்றிப் பலர் பல சபைகளில் பேசியிருக்கிறார்கள். வீட்டுக் கடனைப்பற்றிப் பேசுவோர் குறைவு. வீடு நல்ல காரியந்தானே, அதற்கு வாங்கும் கடனும் நல்ல கடன்தானே என்று நாம் எண்ணி விடுகிறோம். நல்ல கடனாகவே இருக்கலாம். ஆனால் அதற்கு நாம் கொடுக்கும் முழு விலை என்னவென்பதை அறிந்து வாங்குகிறோமா என்பதே இன்று நான் உங்கள்முன் வைக்க விரும்பும் கேள்வி.

இதைக் கேட்பதற்கு நம் ஜில்லாவுக்கு விசேஷமான உரிமை உண்டு. சென்னை இராஜதானியில் சர் பிரடெரிக் நிக்கல்ஸன் என்பவர் குடியானவர்களின் கடன் தொல்லையை ஆராய்ந்து 1895-லும் 1897-லும் அறிக்கைகள் வெளியிட்டார். பிறகு 1904-ஆம் வருஷம் கூட்டுறவு நாணயச் சங்கச் சட்டம் பிறந்தது. அவ்வருஷத்திலேயே, அக்காலத்துச் செங்கற்பட்டு ஜில்லாவைச் சேர்ந்ததும் இப்பொழுது திருவள்ளூர் ஜில்லாவில் இருப்பதுமான திரூர் கிராமத்தில் விவசாய நாணயச் சங்கமும், பெரிய காஞ்சீபுரத்தில் நகர வங்கியும் தோன்றின. வட்டியின் பாரத்தை அளந்து பார்க்கக் கற்றுக்கொண்ட முதல் மண் நம்முடைய மண் என்று சொன்னாலும் மிகையாகாது.

சில மாதங்களுக்குமுன் ஒரு கல்தச்சரும் அவர் மனைவியும் ஒரு பையில் காகிதங்களை எடுத்துக்கொண்டு என்னிடம் வந்தார்கள். ஐந்து வருஷங்களுக்குமுன் அவர்கள் வீட்டை ஈடுவைத்துப் பத்து லக்ஷம் ரூபாய் கடன் வாங்கியிருந்தார்கள். கெடு இருபது வருஷம். மாதத்தவணை ரூ. 8,997. ஒரு மாதமும் தவறாமல் கட்டிவந்தார்கள். 2022 டிசம்பர் 9-ந் தேதி இரவு மாண்டஸ் புயல் மாமல்லபுரத்தருகே கரையைக் கடந்து, பட்டறைக் கூரை பறந்துபோன மாதத்திலும், அந்த அம்மாள் காதுத்தோட்டை அடகுவைத்துத் தவணையைக் கட்டியிருக்கிறார்.

“ஐயா, இதுவரையில் ஐந்து லக்ஷத்து நாற்பதினாயிரம் ரூபாய்போல் கட்டியாயிற்று. பாதிக் கடன் தீர்ந்திருக்கும் என்று எண்ணிப் போய்க் கேட்டோம். இன்னும் எட்டு லக்ஷத்து எண்பத்தேழாயிரம் பாக்கி என்கிறார்கள். எங்கள் பணம் எங்கே போயிற்று?” என்று அந்த அம்மாள் கேட்டார்.

நான் காகிதங்களையெல்லாம் பார்த்தேன். யாரும் அவர்களை ஏமாற்றவில்லை. கணக்கில் ஒரு பைசாவும் தப்பில்லை. கடன் வாங்கிய அன்று அந்தக் கணக்கை அவர்களுக்கு ஒருவரும் எடுத்துச் சொல்லவில்லை என்பது மட்டுமே குறை. அதை இப்பொழுது உங்களுக்குச் சொல்லுகிறேன். எளிதில் விளங்கும்பொருட்டு, வட்டி வருஷத்துக்கு நூற்றுக்கு 9 வீதமாகவே கடைசிவரையில் நீடித்ததாக வைத்துக்கொள்வோம்.

பத்து லக்ஷத்துக்கு 9 வீதம் என்றால் முதல் மாதத்து வட்டி ரூ. 7,500. தவணை ரூ. 8,997. ஆகவே முதல் மாதத்தில் அசலில் கழிவது ரூ. 1,497 மட்டுமே. அடுத்த மாதம் வட்டி சில ரூபாய் குறையும், அசலில் கழிவது அந்தச் சில ரூபாய் கூடும். இப்படியே மாதாமாதம் மெள்ள மெள்ள மாறும். ஐந்து வருஷ முடிவில் கட்டிய ரூ. 5,39,800-க்கு மேற்பட்ட தொகையில் அசலுக்குச் சேர்ந்தது சுமார் ரூ. 1,13,000. மற்றதெல்லாம் வட்டி. அசலில் சரிபாதி தீருவதற்குப் பதினான்கு வருஷங்கள் ஆகும். மீதிப் பாதி கடைசி ஆறு வருஷங்களில் தீரும். பெருங்கல்லில் முதல் நாட்களில் உளி எவ்வளவு அடித்தாலும் தூசிதான் பறக்கும், உருவம் பின்னால்தான் தெரியும் என்று அந்தக் கல்தச்சருக்குச் சொன்னேன். அவருக்கு உடனே விளங்கிவிட்டது.

இருபது வருஷ முடிவில் அவர்கள் கட்டியிருக்கும் மொத்தம் சுமார் ரூ. 21,59,000. வாங்கியது பத்து லக்ஷம். இங்கே ஒரு பழைய சங்கதியை நினைவூட்டுகிறேன். இராஜாஜி அவர்கள் மந்திரிசபையின் காலத்தில் 1938-ல் ஏற்பட்ட சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டத்தில், 1932 அக்டோபர் 1-ந் தேதிக்கு முந்திய கடனுக்கு ஒரு குடியானவன் அசலும் வட்டியுமாக அசலைப்போல் இருமடங்கு செலுத்தியிருந்தால் அக்கடன் முழுவதும் தீர்ந்ததாகவே கொள்ளவேண்டும் என்று ஒரு விதி இருந்தது. இருமடங்கு போதும் என்று அன்று சட்டம் கருதியது. இன்று நாம் இருமடங்குக்கு மேல் கட்டுவதற்கு மனமொப்பிக் கையெழுத்திடுகிறோம். இதைக் குற்றமாகச் சொல்லவில்லை. தெரிந்து இடுகிறோமா என்றுதான் கேட்கிறேன்.

கெடுவைப்பற்றி அடுத்தபடியாகச் சொல்லவேண்டும். தவணை குறைவாக இருந்தால் கடன் மலிவு என்று பலர் நினைக்கிறார்கள். இது பெரிய மயக்கம். அதே பத்து லக்ஷத்தை அதே 9 வீதத்துக்கு முப்பது வருஷக் கெடுவில் வாங்கினால் தவணை ரூ. 8,046. மாதத்துக்கு ரூ. 951 குறைகிறது. ஆனால் மொத்தம் கட்டுவது ரூ. 28,96,000-க்கு மேல். அதாவது மாதம் தொள்ளாயிரத்துச் சொச்சம் குறைத்ததற்கு விலை ஏழு லக்ஷத்து முப்பத்தேழாயிரம் ரூபாய். பதினைந்து வருஷக் கெடுவில் வாங்கினாலோ தவணை ரூ. 10,143, மொத்தம் சுமார் ரூ. 18,25,700. மாதம் ரூ. 1,146 கூடக் கட்டுகிறவருக்கு மூன்று லக்ஷத்து முப்பத்து மூவாயிரம் ரூபாய் மிச்சம். தவணையை மட்டும் கேட்டுவிட்டு எழுந்து வருகிறவர் தேரின் வடத்தைப் பார்த்துவிட்டுத் தேரைப் பார்க்காமல் வந்தவரைப் போன்றவர்.

மூன்றாவது, வட்டி ஒரே நிலையில் நிற்பதில்லை. இக்காலத்து வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறுவட்டிக் கடன்கள். 2022 மே மாதம் முதல் 2023 பிப்ரவரி வரையில் ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 வீதத்திலிருந்து ஆறரை வீதத்துக்கு உயர்த்தியது. ஒன்பதே மாதங்களில் இரண்டரை வீதம்! ஏழு வீதத்துக்குப் பத்து லக்ஷம், இருபது வருஷக் கெடு என்று புதிதாக வாங்கிய ஒருவரின் தவணை ரூ. 7,753. வட்டி ஒன்பதரை ஆனால், அவருடைய ஒரு மாதத்து வட்டி மட்டுமே ரூ. 7,916. தவணையை உயர்த்தாமல் விட்டால், அவர் கட்டுவது வட்டிக்கே போதாது. கட்டக் கட்டக் கடன் வளரும்! அதே கெடுவில் தீர்க்கவேண்டுமானால் தவணை ரூ. 9,321 ஆகவேண்டும்.

இக்கஷ்டத்தைக் கண்டு ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் ஓர் உத்தரவு பிறப்பித்தது. வட்டி மாறும்பொழுது, தவணையை உயர்த்துவதா, கெடுவை நீட்டுவதா, இரண்டும் கொஞ்சம் கொஞ்சமா என்று கடனாளியைக் கேட்கவேண்டும், கெடுவை நீட்டுவதால் கடன் வளரும்படி விடலாகாது, மூன்று மாதத்துக்கு ஒருமுறை அசலில் எவ்வளவு, வட்டியில் எவ்வளவு வரவு வைக்கப்பட்டது, இன்னும் எத்தனை தவணை பாக்கி என்று தெரிவிக்கவேண்டும் என்பவை அதன் சாரம். அந்தக் கணக்குச் சீட்டு வந்தால் மடித்து அலமாரியில் வைத்துவிடாதீர்கள். எண்ணெய் வாங்கிய பில்லைப் பார்ப்பதுபோல் வரிவரியாகப் பாருங்கள். படிக்கத் தெரியாதவர்கள் பள்ளிக்கூடத்துக்குப் போகும் தங்கள் பிள்ளையைப் படிக்கச் சொல்லட்டும்.

நாலாவது, வட்டியைத் தவிர வேறு செலவுகளும் உண்டு. மனுவைப் பரிசீலிக்கும் கட்டணம், வக்கீல் அபிப்பிராயம், மதிப்பீடு, உரிமைப்பத்திரங்களை ஒப்படைத்ததற்கான தஸ்தாவேஜுக்கு முத்திரைச் செலவு, ரிஜிஸ்டர் செலவு, இன்ஷூரன்ஸ் ஆகியவை இதில் சேரும். 2024 அக்டோபர் 1-ந் தேதி முதல், இவற்றையும் சேர்த்து வருஷத்துக்கு மொத்தம் எத்தனை வீதம் விழுகிறது என்பதை முக்கிய விவரச் சீட்டு ஒன்றில் காட்டவேண்டும் என்று விதி ஏற்பட்டிருக்கிறது. கையெழுத்துக்கு முன் அச்சீட்டைக் கேட்டு வாங்குங்கள். இரண்டு இடங்களில் விசாரித்தால் இரண்டு சீட்டுகளையும் பக்கத்தில் வைத்து ஒப்பிடுங்கள்.

“ஏழே வீதம்” என்று சொல்லிக்கொண்டு வருகிறவரிடம், குறைந்துவரும் அசலுக்கு ஏழா, முதலில் வாங்கிய முழு அசலுக்குக் கடைசிவரையில் ஏழா என்று கேளுங்கள். பத்து லக்ஷத்துக்குப் பத்து வருஷம் முழு அசலுக்கே ஏழு வீதம் போட்டால் வட்டி ஏழு லக்ஷம். மாதத்தவணை ரூ. 14,167. குறைந்துவரும் அசலுக்குக் கணக்கிட்டால் இது பதினொன்றரை வீதத்துக்கும் மேலே நிற்கிறது.

வங்கிக்குப் போகாமல் பத்திரத்தைத் தனியாரிடம் ஈடுவைப்போரும் நம் கரையோரக் கிராமங்களில் உண்டு. நூற்றுக்கு இரண்டு வட்டி என்பது காதுக்குச் சிறிதாகக் கேட்கிறது. அது மாதவட்டி. வருஷத்துக்கு 24 வீதம். பத்து லக்ஷத்துக்கு மாதம் இருபதினாயிரம் வட்டி கட்டி, ஐந்து வருஷத்தில் பன்னிரண்டு லக்ஷம் கொடுத்த பிறகும் அசல் பத்து லக்ஷம் அப்படியே மலைபோல் நிற்கும். வீட்டைப் போக்கியத்துக்கு விடுகிறவர்கள் வட்டியே இல்லை என்று சந்தோஷப்படுகிறார்கள். மாதம் ஆறாயிரம் வாடகை வரக்கூடிய வீட்டை ஐந்து லக்ஷத்துக்கு மூன்று வருஷம் போக்கியம் விட்டால், இழந்த வாடகை ரூ. 2,16,000. அது வருஷத்துக்கு 14 ரூபாய் 40 பைசா வட்டிக்குச் சமம். முடிவில் ஐந்து லக்ஷத்தையும் திருப்பித் தரவேண்டும்.

அப்படியானால் வீட்டுக்குக் கடனே வாங்கலாகாதா என்று கேட்பீர்கள். அப்படிச் சொல்லமாட்டேன். கடன் வாங்கி வீடு கட்டியவன் வாடகையை மிச்சம் பிடிக்கிறான். ரூபாயின் மதிப்பு வருஷத்துக்கு வருஷம் குறைவதால், இருபதாவது வருஷத்துத் தவணை முதல் வருஷத்துத் தவணையைப்போல் பாரமாக இராது. மழைக்கு ஒழுகாத கூரையின்கீழ் குழந்தைகள் படித்து வளருவதற்கு எந்தக் கணக்கிலும் விலை போடமுடியாது. ஆதலால் தகுந்த அளவில், தகுந்த கெடுவில், கண் திறந்து வாங்குங்கள் என்பதே என் வேண்டுகோள். ஆனால் ஒன்றை நினைவில் வையுங்கள். கடலில் மீன் படாத மாதமும், சிற்பத்துக்கு ஆர்டர் வராத மாதமும், ஏரி நிரம்பாத வருஷமும் நமக்கு வரும். தவணைக்கு அப்படிப்பட்ட மாதமே கிடையாது. வரும்படி நல்ல மாதத்தைப் பார்த்துக் கடனை அளக்காமல் மெலிந்த மாதத்தைப் பார்த்து அளக்கவேண்டும். ஆறு மாதத் தவணையாவது கையிருப்பாகச் சங்கத்திலோ தபாலாபீஸிலோ இருக்கட்டும்.

ஏற்கெனவே கடன் வாங்கியவர்கள் என்ன செய்யலாம்? கல்தச்சர் வீட்டாருக்குச் சொன்னதையே உங்களுக்கும் சொல்லுகிறேன். தவணையோடு மாதம் ஆயிரம் ரூபாய், அதாவது நாளொன்றுக்கு முப்பத்துமூன்று ரூபாய், கூடக் கட்டிவந்தால், பாக்கியுள்ள பதினைந்து வருஷம் பன்னிரண்டு வருஷம் மூன்று மாதமாகச் சுருங்கும். சுமார் ஒரு லக்ஷத்து ஐம்பத்து நாலாயிரம் ரூபாய் மிச்சமாகும். மாதாமாதம் முடியாவிட்டால், பெரிய ஆர்டர் முடிந்து பணம் வந்தவுடன் ஒரே தொகையாகக் கட்டலாம். கூடக் கட்டும் தொகையை அசலில் வரவு வைத்து, தவணையைக் குறைக்காமல் கெடுவைக் குறைக்கவேண்டும் என்று எழுத்துமூலம் தெரிவிக்கவேண்டும். தனிமனிதரின் மாறுவட்டி வீட்டுக் கடனை முன்கூட்டித் தீர்ப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கலாகாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே உத்தரவிட்டிருக்கிறது. எந்த வருஷத்தில் கூடக் கட்டினாலும் லாபந்தான். முதல் வருஷங்களில் கட்டுவதே பெரிய லாபம்.

கடன் முழுதும் தீர்ந்த பிறகும் ஒரு வேலை பாக்கி. தீர்ந்த முப்பது நாளுக்குள் அசல் பத்திரங்களைத் திருப்பித் தரவேண்டும் என்றும், தங்கள் குற்றத்தால் தாமதித்தால் நாளொன்றுக்கு ஐயாயிரம் ரூபாய் நஷ்டஈடு கொடுக்கவேண்டும் என்றும் ஒரு விதி 2023 டிசம்பர் 1 முதல் அமலில் இருக்கிறது. பத்திரத்தை வாங்கிப் பக்கம் பக்கமாகச் சரிபாருங்கள். கடன் தீர்ந்த ரசீதை சப்-ரிஜிஸ்டிரார் ஆபீஸில் பதிவுசெய்து, வில்லங்கச் சான்றில் ஈடு நீங்கியதைக் கண்ணால் கண்ட பிறகே உங்கள் வீடு உங்கள் வீடு.

அந்த அம்மாள் எழுந்து போகும்பொழுது, “இதை ஐந்து வருஷத்துக்குமுன் யாராவது சொல்லியிருந்தால்!” என்றார். அந்த வார்த்தை என் மனத்தை விட்டு நீங்கவில்லை. அதனால்தான் இன்று இவ்வளவு எண்களைச் சொல்லி உங்களுக்குச் சலிப்பு உண்டாக்கினேன். இங்கே இருப்பவர்களில் ஒரே ஒரு குடும்பமாவது கையெழுத்திடுவதற்கு முன்னால், “எல்லாம் சேர்த்துக் கடைசியில் எவ்வளவு கட்டுவோம்?” என்று கேட்குமானால் நான் பேசியது வீண்போகாது. எங்கள் இலாகா ஆபீஸுக்கோ உங்கள் சங்கத்துக் காரியதரிசியிடமோ காகிதத்தோடு வாருங்கள். கணக்குப் போட்டுக் காட்டக் காசு கேட்கமாட்டோம்.