காவல் நிலையம் நீதிமன்றம் அல்ல!

(விழுப்புரம், திண்டிவனம் கூட்டங்களில் ஆற்றிய உரையின் சுருக்கம்)



விழுப்புரத்திலும் திண்டிவனத்திலும் நெடுஞ்சாலையை ஒட்டிய மனைகளின் விலை ஏறிவிட்டது. விலையோடு வம்பும் ஏறிவிட்டது. அண்ணன் தம்பிக்குள் பாகத் தகராறு, வாடகைத் தகராறு, கடன் தகராறு. உடனே எங்கே ஓடுகிறோம்? காவல் நிலையத்திற்கு! "இன்ஸ்பெக்டர் ஒரு மிரட்டு மிரட்டினால் முடிந்துவிடும்" என்கிறோம். இதற்குப் பெயர்தான் கட்டப் பஞ்சாயத்து.

சிந்தித்துப் பாருங்கள்! நிலம் யாருக்குச் சொந்தம், கடன் எவ்வளவு என்று தீர்ப்பளிக்கும் அதிகாரம் காவல்துறைக்கு இல்லை. அது சிவில் நீதிமன்றத்தின் வேலை. விமான எரிபொருள் பாக்கி தொடர்பாக இந்தியன் ஆயிலுக்கும் என்.இ.பி.சி. நிறுவனத்துக்கும் நடந்த வழக்கில், குற்றம் ஏதும் இல்லாத சிவில் தகராறைக் குற்ற வழக்கைக் காட்டி நெருக்கித் தீர்க்க முயல்வது கண்டிக்கத்தக்கது என்று 2006ல் உச்ச நீதிமன்றம் கூறியது.

அப்படியானால் போலீசுக்கே போகக் கூடாதா? போக வேண்டும்! அடித்துக் காயப்படுத்தினால், பூட்டை உடைத்து நுழைந்தால், போலிப் பத்திரம் தயாரித்தால் அது குற்றம். பிடியாணையின்றிக் கைது செய்யத்தக்க குற்றம் புகாரில் தெரிந்தால் வழக்குப் பதிவு செய்தே ஆகவேண்டும் என்பது 2013ல் லலிதா குமாரி வழக்கின் தீர்ப்பு. குடும்ப, வணிகத் தகராறுகளில் முதலில் சிறு விசாரணை நடத்தலாம். அதுவும் அப்படியொரு குற்றம் இருக்கிறதா என்று பார்க்கத்தானே தவிர, பாகம் பிரித்துத் தர அல்ல!

இன்னொரு இழப்பைக் கவனியுங்கள். புரோநோட்டுக் கடனுக்கு வழக்குப் போட 3 ஆண்டுகள்தான் கெடு. இடத்திலிருந்து முறைகேடாக வெளியேற்றப்பட்டவர், உரிமையை நிரூபிக்காமலே அனுபவத்தைத் திரும்பப் பெறும் வழக்குக்கு 6 மாதமே கெடு. "நாளை வா" என்ற பேச்சை நம்பி நிலைய வாசலில் நின்றால் கெடு ஓடிவிடும். பிறகு நியாயம் இருந்தும் வழக்கு இருக்காது!

என்ன செய்வது? வாய்மொழியாக அழைத்தால், எழுத்து மூலம் அழைப்பாணை கேளுங்கள். 2024 ஜூலை 1ல் நடைமுறைக்கு வந்த குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 179வது பிரிவுப்படி, பெண்களையும் 60 வயது கடந்த ஆண்களையும் சாட்சி விசாரணைக்கு நிலையத்திற்கு வரவழைக்கக் கூடாது. அவர்கள் இருப்பிடத்தில்தான் விசாரிக்க வேண்டும். நிலையத்தில் வைத்து நீட்டும் வெற்றுப் பத்திரத்தில் கையெழுத்திடாதீர்கள். மனு கொடுத்தால் சி.எஸ்.ஆர். ரசீது வாங்குங்கள்.

வக்கீலுக்குப் பணமில்லையா? விழுப்புரம் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவை அணுகுங்கள். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு. லோக் அதாலத்தில் ஏற்படும் சமரசம் நீதிமன்றத் தீர்ப்புக்குச் சமம்.

கடைசியாக ஒன்று. இன்று தம்பியை மிரட்ட நாம் கூப்பிடும் அதே அதிகாரம், நாளை அவன் மனுவின் பேரில் நம்மையும் பெஞ்சில் உட்கார வைக்கும். நமக்கு எதிராக நடந்தால் அநியாயம், நமக்காக நடந்தால் நியாயம் என்றால், அது எந்த ஊர் நீதி?