நடிகரின் பெயரே பாத்திரத்துக்கும்



பியோன் ஹீ-போங் என்ற குணச்சித்திர நடிகரைப் பற்றிப் பேச எழுந்திருக்கிறேன். 1942இல் தென் கொரியாவின் ஜாங்சியோங்கில் பிறந்தவர். 1960களின் நடுவில் எம்.பி.சி. ஒலிபரப்பு நிறுவனத்தில் குரல் நடிகராகச் சேர்ந்தார். அதன்பிறகு நெடுங்காலம் தொலைக்காட்சிதான் அவருக்குச் சோறு போட்டது. சரித்திரத் தொடர், துப்பறியும் தொடர் என்று பலவற்றில் துணை வேடம். அந்தத் தொடர்களை வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து பார்த்து வளர்ந்த சிறுவன் ஒருவன் உண்டு. அவன்தான் பின்னாளில் இயக்குநரான போங் ஜூன்-ஹோ!

தன் முதல் படத்தை 2000ஆம் ஆண்டில் கொண்டுவந்தபோது அந்த இயக்குநர் இவரை மறக்கவில்லை. ‘பார்க்கிங் டாக்ஸ் நெவர் பைட்’ படத்தில் அடுக்குமாடிக் குடியிருப்பின் காவலாளியாக்கினார். அதில் நிலவறைக் காட்சி ஒன்று. கொதிகலன் பழுதுபார்க்க வந்தவன் கொல்லப்பட்டு அதே கட்டடத்துச் சுவருக்குள் புதைந்த கதையைக் காவலாளி சொல்கிறார். பேய் வரவில்லை, ரத்தம் இல்லை. அந்தக் குரல் ஏறி இறங்குவதிலேயே நமக்கு முதுகு சில்லிடுகிறது. குரல் நடிகராக இருந்த காலத்துப் பயிற்சி அது, தோழர்களே!

2003இல் அதே இயக்குநரின் ‘மெமரீஸ் ஆஃப் மர்டர்’. பாதியிலேயே பதவி பறிபோகும் காவல் அதிகாரி வேடம்.

2006இல் மறுபடியும் அவருடைய இயக்கத்தில் ‘தி ஹோஸ்ட்’. இங்கேதான் நான் நிற்க விரும்புகிறேன். ஹான் ஆற்றங்கரையில் பெட்டிக்கடை வைத்திருக்கும் கிழவர். பேத்தியை மிருகம் தூக்கிப் போய்விட்டது. மூத்த மகன் மந்தமானவன் என்று மற்ற பிள்ளைகளுக்கு இளக்காரம். தாயில்லாமல், வயிற்றுக்கில்லாமல் அவன் வளர்ந்த கதையை அப்பா எடுத்துச் சொல்கிறார். கேட்கவேண்டியவர்கள் தூங்கிப்போகிறார்கள். சிரிக்கிறோம், சிரிப்பு முடியுமுன் தொண்டை அடைக்கிறது. பிறகு, ஒரு குண்டு மிச்சம் இருக்கிறது என்று மகன் சொன்னதை நம்பித் துப்பாக்கியோடு மிருகத்தின் எதிரே நிற்கிறார். விசையை அழுத்துகிறார். குண்டு இல்லை! மகனைத் திட்டவில்லை. திரும்பிப் பார்த்து, ‘போங்கள்’ என்று கையை அசைக்கிறார். அந்த ஒரு கையசைப்பில் ஒரு தகப்பனின் ஆயுசு முழுவதும் இருக்கிறது. கோடிக்கு மேற்பட்ட கொரியர்கள் அந்தப் படத்தைத் திரையரங்கில் பார்த்தார்கள். அந்த ஆண்டின் ப்ளூ டிராகன் விருது விழாவில் சிறந்த துணை நடிகர் இவர்தான்.

2017இல் போங் ஜூன்-ஹோவின் ‘ஓக்ஜா’ படத்தில் மலையில் வாழும் தாத்தா. அந்தப் படம் அவரைக் கான் திரைப்பட விழாவரை அழைத்துப்போனது. அப்போது வயது எழுபத்தைந்தை நெருங்கியிருந்தது. 2023 செப்டம்பரில் கணையப் புற்றுநோய் அவரைக் கொண்டுபோய்விட்டது.

‘மெமரீஸ் ஆஃப் மர்டர்’, ‘தி ஹோஸ்ட்’, ‘ஓக்ஜா’ மூன்றிலும் இவர் ஏற்ற பாத்திரத்தின் பெயர் ஹீ-போங். நடிகரின் பெயரையே பாத்திரத்துக்குச் சூட்டினார் இயக்குநர். துணை நடிகருக்கு இதைவிடப் பெரிய மரியாதையை நான் கண்டதில்லை. படத்தைப் பற்றி எழுதும் நாமோ ‘உடன் நடித்தவர்கள்’ என்று ஒரே வரியில் இவர்களைத் தள்ளிவிடுகிறோம்!

இன்னும் சற்று நேரத்தில் ‘தி ஹோஸ்ட்’ திரையிடப்போகிறோம். முடிந்ததும் நடக்கும் கலந்துரையாடலை அந்தக் கடைக்காரக் கிழவரிடமிருந்து தொடங்குங்கள் என்று கேட்டு அமர்கிறேன்.