இல்லமும் ஞாபகமும்

(நமது சங்கத்தின் மாதக் கூட்டத்தில் நிகழ்த்திய பிரசங்கம்)

 

புதுவை நகரத்து வீடுகளையும், அவற்றை ஆவணப்படமாகப் பிடிப்போரின் கடமையையும் பற்றி இன்று சில வார்த்தைகள் கூற விழைகின்றோம். இடிந்த வீட்டைத் திரும்பக் கட்டலாம். அதில் வாழ்ந்தோரின் ஞாபகம் மறையுமாயின் அதனைக் கட்டித்தரும் சிற்பி எவருமிலர். நாம் சொல்ல வந்தது இதுவே.

கடற்கரையில் 1871-ஆம் ஆண்டளவில் எழுந்த மேரி கட்டிடம் 2014 நவம்பர் 29-இல் மழைக்கு ஆற்றாது இடிந்து வீழ்ந்ததை அறிவீர்கள். அது பழைய உருவத்திலேயே மீண்டும் கட்டப்பெற்று 2021 பிப்ரவரியில் திறக்கப்பட்டது. தூண்கள் திரும்பின. அப்படிகளில் ஏறி இறங்கியோரின் கதைகள் திரும்பினவோ? இல்லை.

ஆனந்தரங்கப் பிள்ளையின் மாளிகையோ வேறு விதமான பேறு பெற்றது. கீழ்க்கட்டில் சித்திர வேலைப்பாடமைந்த மரத்தூண்களும், மேன்மாடியில் ஐரோப்பிய முறையிலான காரைத்தூண்களும் கொண்ட அம்மாளிகை இன்றும் நிற்கின்றது. அதனினும் மேலாக, துய்ப்ளேயின் துபாஷியாயிருந்த அவர் 1736 முதல் 1761-இல் தாம் காலமாகும் வரை எழுதிவந்த தினக்குறிப்பும் நம்மிடம் உள்ளது. ஆகவே அவ்வீட்டுச் சுவர்கள் நம்மோடு பேசுகின்றன. தினக்குறிப்பு எழுதாத நம் முன்னோரின் வீடுகளுக்கு யார் பேசுவது?

இவ்விடத்தில்தான் ஆவணப்படம் உதவிக்கு வருகின்றது. பிரெஞ்சுக் குடியுரிமையுடன் புதுவையில் வாழும் தமிழரைப் பற்றிப் பங்கஜ் ரிஷி குமார் என்பார் 'டூ ஃப்ளாக்ஸ்' என்னும் படத்தை 2018-இல் வெளியிட்டார். 1962 ஆகஸ்டில் புதுவை சட்டப்படி இந்தியாவுடன் இணைந்தபோது குடியுரிமையைத் தேர்ந்துகொள்ள நேர்ந்த குடும்பங்களின் வரலாறு ஏடுகளில் மட்டும் அடங்குவதன்று; அது கூடத்துச் சுவரில் மாட்டிய படங்களிலும் பெரியோர் பேச்சிலும் உறைகின்றது.

நாம் கண்ட ஒரு நிகழ்ச்சியைக் கூறுவோம். விற்பனைக்கு வந்த ஒரு வீட்டின் மூதாட்டியாரை நாற்காலியில் அமர்த்திப் பழங்கதை கேட்டோம். "என்ன இருக்கிறது சொல்ல?" என்றார். எழுந்து முற்றத்தைக் கடக்கையில் தாமே நின்றார். தூணொன்றைத் தொட்டு, "இதைப் பிடித்துக்கொண்டுதான் என் மகன் நடை பழகினான்" என்றார். பின்னர்ச் சமையற்கட்டு வரையில் அவர் பேச்சு ஓயவில்லை. ஞாபகம் தலையில் மட்டுமன்று, இடத்திலும் வசிக்கின்றது என்பதை அன்று உணர்ந்தோம். மறுமாதம் அவ்வீடு தரைமட்டமாயிற்று. எம்மிடம் அன்று படக்கருவி இல்லை.

வீட்டை விற்பவரை நாம் குறைகூறோம். தேக்கு உத்திரத்தைக் கறையான் அரிக்க, பாகஸ்தர் ஐவராயிருக்க, செப்பனிடும் செலவைத் தாங்குவார் யார்? விற்பது அவரவர் உரிமை. ஆயினும் விற்குமுன் ஒரு நாளை அவ்வீட்டிற்கு அளியுங்கள். தெரு முகப்பைப் படம் பிடிப்பதோடு நில்லாது, தாழ்வாரம், திண்ணை, முற்றம், கொல்லை என வீட்டுப் பெரியவரை நடக்கவிட்டு, அவர் நிற்குமிடத்தில் நின்று, சொல்வதைச் சொல்லியவாறே பதிவு செய்யுங்கள். கையிலுள்ள தொலைபேசியே இதற்குப் போதும்.

நம் சங்கத்து வாலிபர்கள் இவ்வருஷம் ஆளுக்கு ஒரு வீட்டையேனும் இவ்வாறு பதிவு செய்ய முன்வருமாறு வேண்டுகின்றோம். மழைக்காலம் வருமுன் தொடங்குங்கள். வீடும் காத்திராது, வீட்டுப் பெரியவரும் காத்திரார்.