ஒரு சொல்லுக்கு மறுசொல்

வாக்கியத்தில் ஒரு சொல்லை எடுத்துவிட்டு அதே பொருள் தரும் வேறு சொல்லை வைப்பது பார்வைக்கு எளிய வேலை. தமிழில் அதற்கான சரக்குக்கும் குறைவில்லை. திவாகரம் என்னும் நிகண்டு 12 தொகுதிகளாக அமைந்தது; அவற்றில் முதல் பத்தும் ஒரு பொருளுக்குரிய பல பெயர்களையே அடுக்குகின்றன. மண்டலபுருடரின் சூடாமணி நிகண்டு விருத்தத்தில் அமைந்ததால் திண்ணைப் பள்ளிப் பிள்ளைகள் அதை மனப்பாடம் செய்தார்கள். ஆனால் நிகண்டு பெயர்களைத்தான் தரும். எந்தப் பெயர் எங்கே பொருந்தும் என்று சொல்லாது.

முதல் தடை இலக்கணம். ‘ஞாயிறு எழுந்தது’ என்பதில் ஞாயிற்றை நீக்கிக் கதிரவனை வைத்தால் வினைமுற்றும் ‘எழுந்தான்’ என்று மாற வேண்டும். பொருள் ஒன்றே, ஆனால் ‘அன்’ ஈறு ஆண்பால் வினையைக் கேட்கிறது. வேற்றுமையும் இப்படித்தான். ‘அவருக்கு உதவினார்கள்’ என்பதில் ‘ஆதரித்தார்கள்’ என்று மாற்றினால் ‘அவரை’ என்று திருத்தாமல் முடியாது. ‘அந்த வீடு’ ‘அந்தக் கட்டடம்’ ஆகும்போது நடுவில் ஒரு வல்லெழுத்தும் மிகுகிறது.

செய்யுளில் கட்டுப்பாடு இன்னும் இறுக்கம். வெண்பாவில் விளச்சீரை அடுத்து நேரசையும் மாச்சீரை அடுத்து நிரையசையும் வரவேண்டும்; சீர்களின் இந்தப் பிணைப்பே தளை. ‘தாமரை பூத்த’ என்பதில் தாமரை கூவிளம், பூத்த என்பது நேரில் தொடங்குகிறது, தளை சரி. தாமரைக்குப் பதில் ‘கமலம்’ வைத்தால் அது புளிமா. பூத்த அங்கே நிற்காது, ‘மலர்ந்த’ வரவேண்டும். நிகண்டைக் கரைத்துக் குடித்த புலவருக்கு இது நொடியில் நடக்கும். அவருக்குப் பல பெயர்கள் அலங்காரமல்ல, தளைக்கும் மோனைக்கும் கைகொடுக்கும் கருவிகள்.

உரைநடையில் தளைத் தொல்லை இல்லை. அங்கே வழக்கு குறுக்கே நிற்கும். செத்தார், இறந்தார், காலமானார், இயற்கை எய்தினார் எல்லாம் ஒரே நிகழ்ச்சியைச் சொல்கின்றன. இரங்கல் செய்தியில் ‘காலமானார்’ இயல்பு. எலிப்பொறியில் எலி காலமானது என்றால் சிரிப்பார்கள். சோறு வடிப்பார்கள், அன்னதானம் செய்வார்கள். இவற்றை இடம் மாற்றினால் பொருள் புரியும், தமிழாகப் படாது. மாணவர் கட்டுரைகளில் பொருந்தாத இடத்தில் பெரிய சொல் தென்படுவதற்குப் பெரும்பாலும் அகராதியை மட்டும் நம்பியதே காரணம்.

உரையாசிரியர் மரபு இதை நன்றாக உணர்ந்திருந்தது. பதவுரையில் சொல்லுக்குச் சொல் பொருள் வரும். மூலம் பக்கத்திலேயே இருப்பதால் நடை கெட்டாலும் நட்டமில்லை. தொடர்ந்து படிக்கப் பொழிப்புரை தனியாக எழுதப்பட்டது. பதவுரையைக் கோத்தாலே பொழிப்புரை ஆகிவிடுமென்றால் இரண்டாவதற்குத் தேவையே இருந்திராது.

சொல்லுக்குச் சொல் மாற்றம் ஏறக்குறைய முழுதாக வென்ற இடம் இயற்பெயர். சூரியநாராயண சாஸ்திரியார் பரிதிமாற் கலைஞர் ஆனார்: சூரியன் பரிதி, நாராயணன் மால், சாஸ்திரி கலைஞர். 1916-இல் தனித்தமிழ் இயக்கத்தைத் தொடங்கிய சுவாமி வேதாசலம் மறைமலையடிகள் ஆனபோது வேதம் மறையாயிற்று, அசலம் மலையாயிற்று, சுவாமி அடிகளாயிற்று. பெயருக்கு வேற்றுமையோ வினையோ தளையோ உள்ளிருந்து நெருக்குவதில்லை என்பதால் இது கூடிவந்தது. அங்கேயும் முன்னால் நின்ற சுவாமி, அடிகளாகிப் பின்னால் போக வேண்டியிருந்தது.