மயிலுக்கு ஒரு வழி, வெள்ளெலிக்கு ஒரு வழி



தம்பி முருகனுக்கு வாகனம் மயில். அண்ணன் பிள்ளையாருக்கு வாகனம் எலி. கோயிலில் இரண்டையும் கும்பிடுகிறோம். மானாவாரிக் கடலைக் காட்டில் இரண்டும் இறங்கிவிட்டால் "சாமி, நீதான் காப்பாத்தணும்" என்று அங்கேயே போய் நிற்கிறோம். எலிக்கு வைத்த விஷத்தைத் தின்று மயில் சாவதும் உண்டு. அப்படி நடக்காமல் இருக்க, இந்த இரண்டின் குணத்தையும் தெரிந்துகொள்ள வேண்டும்.

மயிலைப் பற்றி நான் சொல்லத் தேவையில்லை. ஆண் மயில் 4 முதல் 6 கிலோ எடை இருக்கும். பகலில் தரையில் மேயும், இரவில் மரத்தில் அடையும். வெள்ளெலி கைக்குள் அடங்குகிற பிராணி. முதுகு மண் நிறம், வயிறு வெள்ளை, நீண்ட வாலின் நுனியில் கறுப்பு மயிர்க்கொத்து. புதர்க்காட்டிலும் தரிசிலும் வளை தோண்டி வாழும். பகலெல்லாம் வளைக்குள் கிடந்து, இருட்டிய பிறகு இரை தேடும்.

பெருக்கத்தில்தான் பெரிய வித்தியாசம். மயில் முட்டை பொரிய 28 நாள். வெள்ளெலி குட்டி போடவும் ஏறக்குறைய அதே நான்கு வாரம்தான். ஆனால் மயில் வருஷத்துக்கு ஒரு பருவத்தில் நாலைந்து முட்டை இடும். வெள்ளெலியோ வருஷத்தில் பல ஈற்று ஈனும். ஆகவே எலியின் எண்ணிக்கையைக் குறைக்க வேண்டும். மயிலை வயலுக்குள் வராமல் தடுத்தால் போதும்.

சேதம் செய்தது யார் என்று முதலில் பாருங்கள். மூன்று விரல் முன்னோக்கிய பெரிய காலடி, எச்சம், உதிர்ந்த இறகு கிடந்தால் மயில். வளை வாயில் கடித்துப்போட்ட கடலைத் தோலும் புது மண்ணும் கிடந்தால் எலி. மயில் தானியத்தையும் தளிரையும் கொத்துவது உண்மைதான். அதுவே கறையானையும் பூச்சிகளையும், கிடைத்தால் சுண்டெலியையும்கூடத் தின்னும் என்பதை மறந்துவிடக் கூடாது.

மயில் 1963 முதல் நம் தேசியப் பறவை. 1972-ம் வருஷத்து வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் இருக்கிறது. 2022-ல் சட்டம் திருத்தப்பட்ட பிறகு, மயிலைக் கொன்றால் 3 முதல் 7 வருஷம் சிறை, குறைந்தது 25,000 ரூபாய் அபராதம். ஒரு மூட்டைக் கடலையைக் காப்பாற்றப் போய்க் குடும்பத்தையே கோர்ட்டுக்கு அலைய விடலாமா?

சரி, என்ன செய்வது? மயிலுக்கு: விதைத்தவுடன் விதை வெளியே தெரியாமல் மண் மூட வேண்டும். முளை வரும் சமயத்திலும் கதிர் முற்றும் சமயத்திலும் காலை, மாலை காவல் அவசியம். வயலைச் சுற்றிப் பழைய சேலை அல்லது வலை கட்டலாம். காற்றில் மின்னும் நாடாவும் கட்டலாம். நாளானால் மயிலுக்குப் பழகிவிடும், இடத்தை மாற்றி மாற்றிக் கட்டுங்கள்.

வெள்ளெலிக்கு: விதைப்புக்கு முன்பே வரப்புப் புதரை வெட்டி, வளைகளைத் தோண்டி அழியுங்கள். அக்கம்பக்கத்துக் காட்டுக்காரர்களும் சேர்ந்து செய்தால்தான் பலன்; இல்லாவிட்டால் உங்கள் எலி பக்கத்துக் காட்டுக்குப் போய்த் திரும்பி வரும். குறுக்குக் கட்டை கட்டிய கம்பை நட்டு வைத்தால் இரவில் கூகையும் ஆந்தையும் வந்து உட்கார்ந்து எலி பிடிக்கும்.

அதற்கும் அடங்காவிட்டால்தான் மருந்து. மாலையில் எல்லா வளைகளையும் மண்ணால் அடைத்துவிடுங்கள். காலையில் எது திறந்திருக்கிறதோ, அதில்தான் எலி இருக்கிறது. வேளாண்மை அலுவலர் சொன்ன அளவில் மருந்தைப் பொட்டலமாக மடித்து, கை நீளம் உள்ளே தள்ளி, வாயை மண்ணால் மூடுங்கள். வரப்பின் மேலோ வயலிலோ ஒரு மணி விஷத் தானியம்கூடச் சிந்தக் கூடாது. பகலில் மேய வரும் மயிலுக்கு அது வெறும் தானியம்தான். செத்த எலிகளைப் பொறுக்கி ஆழப் புதையுங்கள். அப்படியே விட்டால் கூகை, நாய், நரி தின்று சாகும். எலியைத் தின்னும் கூகையும் நரியும் போய்விட்டால் அடுத்த பருவத்தில் எலி இரட்டிப்பாகும்.

இன்னொன்று. துத்தநாக பாஸ்பைடு என்கிற எலி மருந்துக்கு மாற்று மருந்து கிடையாது. வெறும் கையால் தொடாதீர்கள். சமையல் பாத்திரத்தில் கலக்காதீர்கள். குழந்தைகளுக்கு எட்டாத இடத்தில் பூட்டி வையுங்கள். தப்பித் தவறி யாராவது தின்றுவிட்டால், கைவைத்தியம் பார்த்து நேரத்தைக் கடத்தாமல் உடனே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள்.

மயிலுக்கு வேலி, எலிக்கு வளைக்குள் மருந்து. இதை மனதில் வைத்து வரும் விதைப்பைத் தொடங்குங்கள். நல்ல மகசூல் எடுக்க வாழ்த்துகள்.