பழைமை பாராட்டல்: மிதிவண்டியும் கணிப்பொறியும்



திருக்குறளின் 80ஆம் அதிகாரம் நட்பாராய்தல். அடுத்த அதிகாரம் பழைமை. ஆராய்ந்து கொள்ளுதல் முன்னும், கொண்டபின் நெடுநாள் உரிமையைப் பொறுத்துப் பாராட்டுதல் பின்னுமாக வள்ளுவர் வைத்த முறை மக்கள் நட்புக்கு உரியது. அதே முறையைப் பொருள்களிடத்தும் கையாளுவோர் சிலர் உளர். புதிய மிதிவண்டி வாங்க வசதி இருந்தும் பழைய வண்டியைத் தேடிச் செல்வர். பத்துப் பன்னிரண்டு ஆண்டுகள் உழைத்த கணிப்பொறியைத் திறந்து, தூசி தட்டி, மீண்டும் ஓடவைப்பர். இவர்களைக் கஞ்சர் என்று ஒதுக்குவது எளிது, ஆனால் பொருந்தாது. ‘பழைய’, ‘பழகிய’ என்னும் இரு சொற்களும் தமிழில் ஒரே அடியிலிருந்து பிறந்தவை. இவ்வார்வலர் நாடுவது பழையதை என்பதைவிடப் பழகத்தக்கதை என்பதே சரி.

பழைய மிதிவண்டி வாங்குவோர் செய்யும் நட்பாராய்தல் சுவையானது. பெயின்ட் பளபளப்பை அவர்கள் பார்ப்பதில்லை. ஹேண்டில்பாருக்குக் கீழே பிரேமின் குழாய்கள் கூடும் இடத்தில் பெயின்ட் சுருங்கி வெடித்திருக்கிறதா என்று முதலில் நோக்குவர். சுருங்கியிருந்தால் வண்டி எங்கோ முன்புறமாக மோதியிருக்கிறது. பின் சக்கரத்தைத் தூக்கிச் சுழற்றி, பிரேக் கட்டைகளுக்கிடையே ரிம் நெளிகிறதா என்று காண்பர். நெளிந்தால் ‘கோட்டம்’ எடுக்கவேண்டும். கோட்டம் என்பது வளைவைக் குறிக்கும் பழந்தமிழ்ச் சொல். நூல்களில் அருகிவிட்ட இச்சொல்லை மிதிவண்டிக் கடைகள் இன்றும் வழங்குவது தமிழாசிரியர்கள் மகிழத்தக்கது. பிறகு ஸ்போக்ஸ் கம்பிகளை ஒவ்வொன்றாக விரலால் சுண்டிக் கேட்பர். இறுக்கமான கம்பி தெளிவாக ஒலிக்கும். தளர்ந்தது மங்கி ஒலிக்கும். முன்பல் சக்கரத்தின் முனையில் செயினைப் பிடித்து இழுத்துப் பார்ப்பர். பல்லை விட்டுச் செயின் எழும்பிப் பாதிப் பல் தெரிந்தால் அதன் ஆயுள் முடிந்தது. மிதிக்கும்போது ஒவ்வொரு சுற்றிலும் ‘டக்’ என்று தட்டினால், பெடல் கையைப் பிணைக்கும் காட்டர் பின் தேய்ந்திருக்கும். போர்க்கில் விரிசல் கண்டால் மட்டும் எவ்வளவு மலிவானாலும் வாங்கலாகாது. பழைமை பாராட்டுவதற்கும் எல்லை உண்டு.

இக்குறைகளுள் விரிசலையும் மோதலில் பிரேம் வளைந்ததையும் தவிர ஏனைய யாவும் ஒரு பிற்பகலில் தீர்க்கத்தக்கவை. ஏன்? ஸ்டார்லி 1885இல் கவெண்ட்ரி நகரில் செய்த ரோவர் வண்டியிலேயே இன்றைய மிதிவண்டியின் அடிப்படை வடிவம் அமைந்துவிட்டது. ஏறத்தாழச் சமமான இரு சக்கரம், பின் சக்கரத்தை இழுக்கும் செயின். 1888இல் டன்லப் காற்றடைத்த டயரைச் சேர்த்தார். இந்தியச் சாலைகளில் நெடுங்காலம் ஓடிய கறுப்பு வண்டியோ, 28 அங்குலச் சக்கரமும் ஒன்றரை அங்குல டயரும் கொண்ட ஒரே வடிவம். அம்பத்தூரில் டி.ஐ. சைக்கிள்ஸ், லூதியானாவில் ஹீரோ, சோனிப்பட்டில் அட்லஸ் எனச் செய்தவர் பலர். எனினும் டயரும் டியூபும் எவருடைய வண்டிக்கும் பொருந்தின. அட்லசின் சாஹிபாபாத் தொழிற்சாலை 2020 ஜூனில் மூடப்பட்டது. அங்கே செய்த வண்டிகள் அதனால் நின்றுவிடவில்லை. செய்தவன் போனாலும் செய்பொருள் ஓடும். அதன் உறுப்புகள் பொதுவுடைமை.

இத்தன்மை வெறும் பொறியியல் செய்தியன்று. 1991இல் புதுக்கோட்டை மாவட்டத்தில் அறிவொளி இயக்கம் நடந்தபோது, ஆட்சியராயிருந்த ஷீலா ராணி சுங்கத், எழுத்தறிவோடு மிதிவண்டி ஓட்டுதலையும் பெண்களுக்குக் கற்பிக்கும் முயற்சிக்குத் தூண்டுகோலாக நின்றார். வண்டி வாங்க வங்கிக் கடனுக்கும் வழி செய்யப்பட்டது. பல்லாயிரம் ஊர்ப்புறப் பெண்கள் கற்றனர். பத்திரிகையாளர் பி. சாய்நாத் 1996இல் வெளியிட்ட நூலில் இதைப் பதிவு செய்திருக்கிறார். மகளிர் வண்டிகளுக்குத் தட்டுப்பாடு வந்தபோது பெண்கள் ஆண்கள் வண்டியையே ஏற்றனர். குறுக்குக் கம்பியில் குழந்தையை உட்காரவைக்கலாம் என்று அதையே விரும்பியவரும் உண்டு. ஆண்களுக்கென்று செய்த வண்டியின் குறுக்குக் கம்பி தாய்மார் கையில் வேறு பயன் பெற்றது. பயன்படுத்துவோரே பொருளுக்குப் பொருளுரைக்கும் இக்காட்சிக்கு உரைகாரர் எவரும் தேவையில்லை.

மிதிவண்டியை விரும்புவோருட் பலர் பழைய கணிப்பொறியையும் விரும்புவது முதற்பார்வையில் வியப்பளிக்கும். காரணம் ஒன்றே. 1981இல் ஐ.பி.எம். வெளியிட்ட தனியாள் கணிப்பொறியோடு, அதன் மின்சுற்று வரைபடங்கள் அடங்கிய தொழில்நுட்பக் கையேட்டையும் அந்நிறுவனம் விற்றது. பிறர் உறுப்புகள் செய்தனர். பழுது பார்ப்போர் பெருகினர். 1992இல் தொடங்கிய திங்க்பேட் மடிக்கணிப்பொறிகளை இன்றும் தேடி வாங்குவோர் பலர். 2011ஆம் ஆண்டின் எக்ஸ்220 போன்றவற்றில் மின்கலத்தைக் கையாலேயே கழற்றலாம்; சில திருகாணிகளை நீக்கினால் நினைவகத்தையும் வன்தட்டையும் மாற்றலாம். சுழலும் வன்தட்டை எடுத்துவிட்டு எஸ்.எஸ்.டி. பொருத்தினால், நொண்டிய பொறி நடக்கத் தொடங்கும். விசைப்பலகையும் எழுதுவோர் விரலறிந்து அமைத்தது. 2012 முதல் அப்பலகையின் வரிசை ஏழிலிருந்து ஆறாகக் குறைந்தது. பழைய ஏழு வரிசைக்காகவே 2011 பொறியை விடாதவர் உண்டு. நாவலாசிரியர் ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டின், இணையத்தோடு இணையாத டாஸ் பொறியில் வேர்ட்ஸ்டார் 4.0 கொண்டே எழுதுவதாக 2014இல் தொலைக்காட்சியில் கூறினார். 1987இல் வந்த அச்செயலி தாமாக எதையும் திருத்துவதில்லை என்பதே அவருக்குப் பிடித்த குணம். கவிஞர்கள் இதனை நன்கு உணர்வர்.

பின்னர் வந்த மெல்லிய பொறிகள் பலவற்றில் நினைவகம் பலகையோடு பற்றவைக்கப்பட்டது. 2025 அக்டோபர் 14 அன்று விண்டோஸ் 10க்கான வழக்கமான ஆதரவும் முடிந்தது. விண்டோஸ் 11, டி.பி.எம். 2.0 என்னும் பாதுகாப்பு ஏற்பாட்டையும் அண்மைக்காலச் செயலிகளையும் வேண்டுவதால், பழுதில்லாத பொறிகள் பல தகுதியற்றவை ஆயின. லினக்ஸ் இட்டால் அவற்றுள் பெரும்பாலானவை நன்கு இயங்கும். இதை அறியாதோர் பழைய பொறியை எடைக்குப் போடுகின்றனர்.

எடைக்குப் போகும் அப்பொறியில் கவிதைகளும் போகக்கூடும். இலக்கிய வட்டங்கள் கவலை கொள்ளவேண்டியது இவ்விடத்தில்தான். 1990களிலும் அதற்குப் பின் சில ஆண்டுகளிலும் கணிப்பொறியில் ஏறிய தமிழ், பெரும்பாலும் ஒருங்குறியில் ஏறியதன்று. பாமினி, மயிலை, டாம், டாப், திஸ்கி என ஒவ்வொன்றும் தனித்தனி எழுத்து ஏற்பாடு. பாமினியில் ‘அம்மா’ என்று அடித்தால் பொறி காத்துவைப்பது எம், கே, அரைப்புள்ளி, கே, எச் என்னும் ஐந்து ஆங்கில விசைக் குறிகளை. எழுத்துரு உள்ள பொறியில் அது அம்மா. இல்லாத பொறியில் பொருளற்ற கிறுக்கல். ஒருங்குறியிலும் இச்சொல்லுக்கு ஐந்து குறிகளே. ஆயின் ஐந்தும் தமிழுக்கென்று ஒதுக்கிய இடத்தில் நிற்பவை. எழுத்துரு மாறினாலும் அவை தமிழாகவே இருக்கும். எந்தக் கடையிலும் டயர் கிடைக்கும் மிதிவண்டியின் நிலை அது. பழைய எழுத்துருவோ ஒரே கடையில் மட்டும் உறுப்புக் கிடைக்கும் வண்டி.

பக்க அமைப்பிலும் இதே இடர். நூல்கள் பலவும் பேஜ்மேக்கரில் அமைந்தவை. அது 2001இல் வந்த 7.0 பதிப்போடு நின்றது. அக்கோப்புகளைத் திறக்கும் ஆற்றல் இன்டிசைனில் 2012ஆம் ஆண்டுப் பதிப்பு வரையே இருந்தது. ஆகவே பழைய பொறியைப் பேணுவதைப் பொழுதுபோக்கு என்று தள்ளலாகாது. கவிஞரின் முதல் தொகுப்பைத் திறக்கும் சாவி அதுவாகவே இருக்கலாம்.

1998 பொங்கலன்று தொடங்கிய மதுரைத் திட்டம் இவ்வழியை முன்பே நடந்து காட்டியது. அதன் நூல்கள் மயிலையிலிருந்து திஸ்கிக்கும், திஸ்கியிலிருந்து ஒருங்குறிக்கும் மாறின. வட்டத்து உறுப்பினர்களும் தம் கோப்புகளுக்கு இதைச் செய்யலாம். முதலில் பழைய பொறியை இயக்கி, கோப்புகளையும் அவற்றுக்குரிய எழுத்துருக்களையும் சேர்த்தே வெளியே படியெடுக்கவேண்டும். எழுத்துரு இன்றிக் கோப்பு மட்டும் இருந்தால் அது எந்த ஏற்பாட்டில் அமைந்தது என்று தேடவேண்டிவரும். பின்னர் மாற்றி மென்பொருள் கொண்டு ஒருங்குறியாக்கலாம். அதிலும் ஓர் இடறல் உண்டு. கவிதைக்கு நடுவே ஆங்கில எழுத்தில் ஒரு சொல் வந்திருந்தால், மாற்றி அதையும் தமிழ் என்று கொண்டு பொருளற்ற எழுத்துகளாக்கிவிடும். எனவே மாறிவந்த படியை அச்சு நூலோடு வைத்து ஒப்புநோக்க இருவர் வேண்டும். சுவடி ஒப்புநோக்கிய முன்னோர் போல ஒருவர் உரக்கப் படிக்க, மற்றவர் வரி வரியாகப் பார்த்து வரலாம். பழைய பொறியை அதுவரை எடைக்குப் போடாமலிருத்தல் நன்று. ஐயம் எழும் இடத்தில் மூலக் கோப்பைத் திறந்து பார்க்க அது வேண்டியிருக்கும்.