அனுப்பிவிட்டாலும் லீவு சம்பளம் நம்முடையது

(கூட்டமைப்பின் ஆண்டு விழாவில் உறுப்பினர் ஒருவர் ஆற்றிய உரை)



சேமிப்பு, கடன், தொழில் பற்றி எனக்கு முன்னால் பேசியவர்கள் நல்லா சொல்லிட்டாங்க. நான் மில்லுக்கும் கம்பெனிக்கும் வேலைக்குப் போற நம்ம பெண்களுக்காக ஒரே ஒரு விஷயம் பேச வந்திருக்கேன். "வயசாயிடுச்சும்மா, நாளையிலிருந்து வர வேண்டாம்"னு திடீர்னு அனுப்பிடறாங்க. அப்போ நாம எடுக்காம விட்ட லீவுக்கான சம்பளம் என்ன ஆகுது? நிறையப் பேர் அது போச்சுன்னு நினைக்கிறாங்க. போகாது. அது தயவுக்காகக் கொடுக்கும் பணம் இல்லை; நாம் உழைச்சுச் சேர்த்த கூலி.

கணக்கு ரொம்பச் சுலபம். 20 நாள் வேலை செய்தால் 1 நாள் சம்பளத்தோட லீவு. வருஷத்தில் 260 நாள் வேலை பார்த்தவருக்கு 13 நாள். எடுக்காத லீவை அடுத்த வருஷத்துக்குக் கொண்டு போகலாம். அதிகபட்சம் 30 நாள் வரை சேரும். இந்த லீவு கிடைக்க வருஷத்துக்கு 240 நாள் வேலை செய்திருக்கணும்னு 1948-ஆம் வருஷத் தொழிற்சாலைகள் சட்டம் சொன்னது. 2025 நவம்பர் 21 முதல் நடைமுறைக்கு வந்த புதிய சட்டத் தொகுப்பில் அது 180 நாளாகக் குறைந்திருக்கு.

முக்கியமானது இனிமேல்தான். பாதி வருஷத்தில் நிறுத்திட்டா அந்த நாள் கணக்கு நிறையாது. "உனக்கு லீவே சேரலை"ம்பாங்க. நம்பாதீங்க. வேலையை விட்டு நீக்கினாலும், நாமே நின்றாலும், வயது வந்து ஓய்வு கொடுத்தாலும், அதுவரை வேலை செய்த நாளுக்கு 20-க்கு 1 என்று கணக்குப் போட்டுக் கொடுக்கணும். ராஜினாமான்னு எழுதி வாங்கினாலும் இந்தப் பணம் போகாது. நீக்கினாலும் நின்றாலும் இரண்டாவது வேலை நாள் முடிவதற்குள். ஓய்வு என்றால் இரண்டு மாதத்துக்குள். தொழிலாளி இறந்துபோனால் குடும்பத்துக்கு அந்தப் பணம் வரணும்.

நான் ஒரு நூல் மில்லில் கோன் வைண்டிங் பிரிவில் 19 வருஷம் வேலை பார்த்தேன். ஒரு ஆகஸ்ட் மாசம் ஆபீசுக்குக் கூப்பிட்டு, ராஜினாமா கடிதத்தை நீட்டினாங்க. "இதுல கையெழுத்துப் போட்டாத்தான் இந்த மாசச் சம்பளம்"னாங்க. நான் போடலை. எங்க குழு ஊக்குநர் அக்காவும் இன்னொரு உறுப்பினரும் என் கூடத் தொழிலாளர் துறை அலுவலகத்துக்கு வந்தாங்க. வேலைக்குப் போன நாளையெல்லாம் காலண்டரில் வட்டம் போட்டு வச்சிருந்தேன். அந்த வருஷம் 160 நாள். அதுக்கு 8 நாள் லீவு. முந்தின வருஷ மிச்சம் 14 நாள். ஆக 22 நாள், தினக்கூலி 430 ரூபாய். 9,460 ரூபாய். மூன்று தடவை விசாரணைக்கு அலைஞ்சு அதை வாங்கினேன். பணம் பெரிசில்லைன்னு சிலர் சொன்னாங்க. என் பொண்ணோட காலேஜ் ஃபீஸ் அதுலதான் கட்டினேன்.

அதனால சகோதரிகளே, நான்கு விஷயம் மனசில் வையுங்க. ஒன்று, வேலைக்குப் போன நாளையும் எடுத்த லீவையும் நீங்களே எழுதி வையுங்க. சம்பளச் சீட்டு, அடையாள அட்டை, பி.எஃப். எண் எதையும் தொலைக்காதீங்க. இரண்டு, வெற்றுத் தாளில் கையெழுத்துப் போடாதீங்க. பணம் குறைவாகக் கொடுத்தால், "லீவு சம்பளம் பாக்கி"ன்னு எழுதிட்டுக் கையெழுத்துப் போடுங்க. மூன்று, கான்ட்ராக்டில் வேலை செய்தாலும் உரிமை உண்டு. கான்ட்ராக்டர் கூலியைக் கொடுக்காவிட்டால் கம்பெனிதான் கொடுக்கணும். நான்கு, வக்கீலுக்குப் பணம் இல்லையேன்னு தயங்காதீங்க. வருமானம் எவ்வளவாக இருந்தாலும் பெண்களுக்கு இலவச சட்ட உதவி உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழு அலுவலகம் இருக்கு; 15100-க்குப் போன் பண்ணியும் கேட்கலாம். ஐந்து வருஷத்துக்கு மேல் வேலை பார்த்தவர்கள் கிராஜுவிட்டியையும் சேர்த்துக் கேளுங்க. அது தனிப் பணம்.

வாரா வாரம் கூட்டம் போட்டு, பத்து ரூபாய் சேமிப்பைக்கூடத் தீர்மானப் புத்தகத்தில் எழுதுறவங்க நாம. பேங்க் மேனேஜரிடம் கணக்குக் கேட்கப் பழகின நமக்கு மில் ஆபீசில் கேட்கத் தெரியாதா? அடுத்த குழுக் கூட்டத்தில் வேலைக்குப் போகும் ஒவ்வொரு உறுப்பினரும் தன் லீவு கணக்கைச் சொல்லணும்னு ஒரு தீர்மானம் போடுங்க. யாரையாவது நிறுத்தினால் அவர் தனியாகப் போகக் கூடாது. குழுவில் இரண்டு பேர் கூடப் போகணும்.